பல்லிக்கு மழை

மே 6, புதன்

காலை ஏழு மணிக்கே அனல். கண்ணாடித் தொட்டிக்குள் 33 டிகிரி. மேலே ஈரச் சாக்கு. இரண்டு முறை தண்ணீர் தெளித்தாயிற்று. என் பல்லி பச்சையன் இலையில் நின்ற துளியை நக்கினான். முதுகுச் சிவப்புப் பொட்டுகள் இன்று நல்ல நிறம்.

மதினி மாடிப்படியில் நின்று, என் காதில் விழட்டும் என்றே: "கொழாயில தண்ணி வந்து எட்டு நாளாச்சு. இவுக பல்லிக்கு மழ பெய்ய வைக்கிறாக."

என் பங்குக் குடம். என் பல்லி.

வாங்க: வாழைப்பழம், கால்சியம் பொடி.

மே 7, வியாழன்

கீழே அரிசிக் கடையிலிருந்து அண்ணன் ஏறி வந்தார். "ஏலே, மகளப் பாக்க ஞாயித்துக்கெழம மாப்ள வீட்டுக்காரவுக வாராக. அதுக்குள்ள இதப் பந்தல்குடிக் காட்டுப் பக்கம் விட்டுட்டு வா."

மடகாஸ்கர் இனம். கருவேலங்காட்டில் ஒரு நாள் தாங்காது. வளர்க்க வனத்துறை தந்த பதிவுச் சான்றைக் காட்டினேன்.

"பல்லிக்கும் ஆதாரா?"

அதே சிரிப்பு. கல்லூரி வேலை போனபோது சிரித்தது. எம்.எஸ்ஸி. விலங்கியல் இவர்களுக்கு வேடிக்கை. தாலுகா ஆபீசுக்கு மனு எழுத மட்டும் நான் வேண்டும்.

விட மாட்டேன். அவன் போனால் நானும் போவேன். சொல்லிவிட்டேன்.

மே 9, சனி

பச்சையனைக் காணவில்லை. மூடியைச் சரியாகப் போடாதது நான்தான். மதினியைத் திட்டியாயிற்று, மன்னிப்புக் கேட்பதாக இல்லை.

கடை மூட்டைகளுக்கு இடையே எலிக்கு வைத்த பசை அட்டைகள். ஆறையும் எடுத்து எறிந்தேன். அண்ணன் கத்தினார். கத்தட்டும்.

சாப்பிடவில்லை.

மே 10, ஞாயிறு

பத்து மணி. கீழே மதினியின் அலறல். அண்ணன் கல்லாவில் சிலை மாதிரி. வழுக்கையின் நடுவில் பச்சையன்.

"தலையில பல்லி விழுந்தா மரணம்னு பஞ்சாங்கத்துல போட்ருக்கு, தம்பி."

வேலை போனதிலிருந்து வெறும் 'ஏலே'. இன்று 'தம்பி'.

"விழலண்ணே. ஏறி உக்காந்திருக்கு."

மதினி ஒட்டடைக் கம்பைத் தூக்கினாள். "கம்பு பட்டாத் தோலு உரிஞ்சிரும்" என்றேன்.

"எனக்கா?" என்றார் அண்ணன்.

"பல்லிக்கு."

விரலில் வாழைப்பழத்தைப் பிசைந்து பூசினேன். நீட்டவில்லை.

"இவன் இந்த வீட்லதான் இருப்பான். சொல்லுங்க."

"இருக்கட்டும்லே."

"தண்ணி?"

"ஒரு கொடம் சேத்துத் தாரேன். எடுத்துத் தொல."

நீட்டினேன். பச்சையன் நக்கத் தொடங்கினான். வாசலில் மாப்பிள்ளை வீட்டுக் கார் வந்து நின்றது. "சீக்கிரம்லே" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு.

பழம் பாதி பாக்கி. அவன் நக்கி முடிக்கட்டும் என்று நின்றேன்.