உங்கள் பெயர் கூப்பிடப்பட்ட நாள்

ஐயா,

நான் மந்திரியின் மகள் அல்ல. இந்த வெளிநாட்டில், லா சப்பல் தமிழ்க் கடைத்தெருவில் பலசரக்குக் கடை வைத்திருப்பவர் போன கிழமையும் ஊருக்குப் புதிதாக வந்த ஒரு பெண்ணிடம் என்னைக் காட்டி, "அம்மா ஆரெண்டு தெரியுமோ? வெள்ளைக்காரன் காலத்து மந்திரியின்ரை மகள்!" என்றார்.

"என்ரை ஐயா மந்திரி இல்லைத் தம்பி. மந்திரிமாருக்கு எதிரை இருந்து கேள்வி கேட்டவர்."

"எல்லாம் ஒண்டுதானே அம்மா."

"ஒண்டில்லை" என்று சொல்லிவிட்டுத் தோடம்பழங்களை நானே பொறுக்கிப் பையில் போட்டேன். அந்த ஆரஞ்சு மணம் வீடு வரை கையோடு வந்தது. வீட்டில் லண்டன் மருமகள் அனுப்பிய பெரிய கடிதவுறை காத்திருந்தது. அங்கே ஒரு நூலகத்தில் அந்தக் காலக் கொழும்பு அரசாங்க சபையின் கூட்ட அறிக்கைகள் இருக்கின்றனவாம். உங்கள் பெயர் வந்த பக்கங்களைப் படியெடுத்து அனுப்பியிருந்தாள்.

வாசிக்க வாசிக்க உங்கள் குரல் கேட்டது. கொழும்புத் துறைமுகத்தில் மூட்டை தூக்குபவர்களுக்குக் குடிதண்ணீர் ஏன் இல்லை? தொழிலாளியை அடித்த மேற்பார்வையாளர்மீது விசாரணை உண்டா? பல கேள்விகளின் அடியில், எழுத்தில் பதில் வேண்டும் என்ற குறிப்பு. அது எதற்கென்று சிறுமியாக நான் கேட்டபோது, "வாயாலை சொன்னதை நாளைக்கு மாத்திப்போடுவினம், பிள்ளை. எழுதினதை மாத்தேலாது" என்றீர்கள். நம் நாட்டுப் போர் முடிந்த பிறகு மகளிடம் வந்து சேர்ந்த நான், இங்கே வதிவிட அட்டைக்குப் போகும்போதும் கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர் சொல்வதை எழுதித் தரும்படி கேட்கிறேன். மகளுக்கு வெட்கம். எனக்கில்லை.

பிறகு அந்தப் பக்கம் வந்தது. துறைமுகத் தொழிலாளரின் வேலைநேரத்தைக் குறைக்கக் கோரும் உங்கள் தீர்மானம். சபாநாயகர் உங்கள் பெயரைக் கூப்பிட்டிருக்கிறார். உறுப்பினர் சபையில் இல்லை, தீர்மானம் கைவிடப்பட்டது. இரண்டே வரி.

கப்பல் கம்பனிக்காரரிடம் விலைபோய்விட்டீர்கள் என்று உங்கள் தொழிலாளர்களே சொன்னார்கள். அடுத்த தேர்தலில் தோற்றீர்கள். அதன்பின் எந்தச் சபைக்கும் போகவில்லை.

என் கலியாணப் பந்தியில், மாப்பிள்ளையின் சித்தப்பா, துறைமுகத்தில் வேலை செய்தவர், கேட்டார்: "பிள்ளை, கொப்பர் அண்டைக்கு எங்கை போனவர்? கம்பனி பங்களாவிலை விருந்தோ?" நாலு பேர் சிரித்தார்கள். கூறைச் சேலையோடு எழுந்து நின்றேன்.

"ஐயா சபையிலை இருந்தவர். தீர்மானத்தைக் கொண்டுவந்தவர். மற்றவைதான் தோற்கடிச்சவை."

யாரும் எனக்கு அப்படிச் சொல்லியிருக்கவில்லை. வேறுவிதமாக இருக்க முடியாது என்று நினைத்தேன், அவ்வளவுதான். நீங்கள் இரண்டு இலை தள்ளி இருந்தீர்கள். கடிதத்தில் ஒரு காற்புள்ளி பிழைத்தாலும் திருத்தாமல் விடாதவர், அன்று தலை நிமிரவில்லை. "இரு பிள்ளை, சாப்பிடு" என்று மட்டும் சொன்னீர்கள். அதன்பின் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் அதையே எல்லோரிடமும் சொல்லிவந்தேன். என்னவரும் அதை நம்பியே கண்மூடினார்.

நேற்று என் பழைய செபப்புத்தகத்தை எடுத்தேன். கொழும்பிலிருந்து ரயிலில் ஓரிரவு தள்ளியிருந்த கன்னியர்மட விடுதியில் நெருப்புக்காய்ச்சலில் கிடந்து பிழைத்தபோது சிஸ்டர் தந்த மாதா படம் அதற்குள் இருக்கிறது. காய்ச்சல் விட்ட தேதியைப் பின்பக்கத்தில் அவர் எழுதியிருக்கிறார். உங்கள் பெயர் கூப்பிடப்பட்டதற்கு மறுநாள்.

கட்டிலருகே நீங்கள் இருந்தது நினைவிருக்கிறது. வெள்ளைச் சட்டையில் ரயில் கரி. முந்திய ஆண்டு அதே காய்ச்சல் அம்மாவைக் கொண்டுபோயிருந்தது. தோடம்பழச் சாற்றைக் கரண்டியால் ஊட்டினீர்கள். தலையணையில் சிந்தியதைச் சட்டைக் கையால் துடைத்தீர்கள்.

"சபைக்குப் போகேல்லையோ, ஐயா?"

"அங்கை கனபேர் இருக்கினம். நீ விழுங்கு."

பிள்ளைக்குக் காய்ச்சல் என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் அந்த மனிதர்கள் மன்னித்திருப்பார்கள். அவர்களும் பிள்ளை பெற்றவர்கள்தான். நீங்கள் சொல்லவில்லை. சொன்னால் ஒருநாள் அது என் காதுக்கும் வந்து என்னை உறுத்தும் என்பதாலா?

கடைக்காரரின் பிழையைத் திருத்திவிட்டேன். அன்று பந்தியில் நான் சொன்ன பிழையைத் திருத்துவதென்றால், அதைக் கேட்டவர்கள் ஒருவரும் இன்று இல்லை, நீங்கள் உட்பட.

ஆனாலும் உங்களிடமே கேட்கிறேன். எனக்குக் காய்ச்சல் என்று மடத்திலிருந்து தந்தி கையில் கிடைத்தபோது, தீர்மானம் எந்த நாளில் வருகிறது என்று தெரிந்துதான் ரயில் ஏறினீர்களா?

வாயால் கேட்டால் சாப்பிடச் சொல்வீர்கள். தயவுசெய்து எழுத்தில் பதில் தாருங்கள்.