பாண் என்று பாடிய பெட்டைகள்

2025 ஜூலை 1, செவ்வாய்

இன்றும் ஞானசேகரம் என் ஒழுங்கைக்குள் எனக்கு முன்னால் போய்விட்டான். உட்துறைமுக வீதி ஒழுங்கைகள் எனக்கு, அடுத்த வீதி அவனுக்கு என்று பேக்கரி முதலாளி சரீப் பிரித்துத் தந்தவர். ஆனால் இரண்டு பாண் ஓட்டோவிலும் அதே பியானோ மெட்டு. சனம் மெட்டைக் கேட்டு ஓடி வரும், எது முன்னால் நிற்கிறதோ அதில் வாங்கும். நான் போய்ச் சேரும்போது எல்லார் குசினியிலும் காலைச் சாப்பாட்டுக்குப் பாண் இருக்கிறது. மிஞ்சிய, மீன் அடைத்த மாலுபாணை நானே தின்றேன். ஏற்றத்தில் ஓட்டோ முனகுவது பாண் பாரத்தினால் இல்லை.

ஜூலை 3

மகள் அஞ்சலினா மட்டக்களப்புக்குப் படிக்கத் திரும்பும்போது ஒரு பென் ட்ரைவை விட்டுப்போயிருக்கிறாள். அதில் ஒரு பாட்டு. இங்கிலாந்துப் பெட்டைகள் நாலு பேர். நடுவில் நாலு பேரும் சேர்ந்து கத்துகிறார்கள்: "நோ பாண்! பாண்! பாண்!"

மூன்று தரம் போட்டுக் கேட்டேன். பாணேதான்.

"வெள்ளைக்காரி என்னத்துக்குப் பாண் எண்டு பாடுறாள்?" என்றார் என் மனுசன் வின்சன்ட்.

"பசி வந்தா ஆரும் பாடுவினம்" என்றேன்.

அந்த 'நோ' மட்டும்தான் வியாபாரத்துக்கு உதைக்கிறது. பரவாயில்லை. 'நோ'வை ஆர் கவனிக்கப் போகிறார்கள்?

ஜூலை 4

ஓட்டோவில் போட்டேன். ஒழுங்கை அதிர்ந்தது! பஸ் நிலையத்தடியில் எப்போதும் படுத்துக் கிடக்கிற ஊர் மான்கள் எழும்பி நின்று பார்த்தன. ஒழுங்கையில் இருக்கிற ஹுஸ்னியா தலையில் பாதி எண்ணெயோடு கேற்றடிக்கு ஓடி வந்தாள். "என்ன ஞானமலரக்கா, பாண் ஓட்டோவுக்குக் கலியாணமா?"

மொறுமொறு றோஸ் பாண் ஒன்றும் மிஞ்சவில்லை. எனக்குத் தின்ன மாலுபாணும் இல்லை.

ஜூலை 9

இப்போது ஞானசேகரம் பியானோவோடு முன்னால் போனாலும் ஒருவரும் வெளியில் வருவதில்லை. என் பெட்டைகளுக்காகக் காத்திருக்கிறார்கள். இன்று சந்தியில் ஓட்டோவைக் குறுக்கே விட்டு மறித்தான்.

"இது பாண் விக்கிற மெட்டா? ஆடுற மெட்டு. இந்த வயசில வெக்கமில்லையா?"

விலை சொல்லுகிற மைக் என் கையில் இருந்தது. கீழே வைத்திருக்கலாம். வைத்தேனா? "அன்பான அயலவரே, முன்னுக்கு நிக்கிறது நேற்றைய பாண்" என்று ஒழுங்கை முழுக்கக் கேட்கச் சொல்லிவிட்டேன்.

பொய் இல்லை. போன கிழமை ஹுஸ்னியா அவனிடம் வாங்கிய பாணை அமத்திப் பார்த்துவிட்டுச் சொன்னதுதான். ஆனால் குசினியில் சொன்னால் கதை. மைக்கில் சொன்னால் சண்டை.

ஜூலை 10

முதலாளி கூப்பிட்டார். "என்ட பேக்கரிப் பாணை என்ட ஓட்டோவில இருந்தே பழசு எண்டு சொன்னா, நான் எங்கக்கா போறது?"

அது நியாயம். அந்த இடம் எனக்கு யோசனையில் வரவே இல்லை.

"அவன் பழைய பாண் வித்தது?"

"அதை நான் பாக்கிறன். சனிக்கிழமை எல்லாருக்கும் முன்னால ஞானசேகரத்திட்ட மன்னிப்புக் கேளுங்க. பழைய மெட்டைப் போடுங்க. ஏலாது எண்டா சாவியைத் தாங்க."

சாவி. இந்த ஊரில் இருபது வருசம் நான் 'வின்சன்ட்டின் பெண்சாதி'. அந்த ஓட்டோவில் ஏறின பிறகுதான் எனக்குப் பேர் வந்தது. அதைக் குடுத்திட்டு வீட்டில இருந்து என்ன செய்யிறது? வின்சன்ட்டின்ரை முகத்தைப் பாக்கிறதா? பாவம், அவரும் என்ரை முகத்தை எல்லோ பாக்க வேணும்!

ஜூலை 11

அஞ்சலினா போன் எடுத்தாள். நடந்ததைச் சொன்னேன். சிரிக்கத் தொடங்கியவள் நிறுத்தவில்லை.

"அம்மா, அது பாண் இல்லை. பார்டன்! 'நோ பார்டன்'. அவையள் நடுவில இருக்கிறதை விழுங்கிப்போட்டுப் பாடுவினம். மன்னிப்புக் கேக்கமாட்டன் எண்டு அர்த்தம்."

கதிரையில் இருந்துவிட்டேன். ஒரு கிழமையாக 'மன்னிப்புக் கேட்கமாட்டேன், கேட்கமாட்டேன்' என்று ஊர் முழுக்கக் கத்திக்கொண்டு பாண் விற்றிருக்கிறேன்.

முன்பே தெரிந்திருந்தால் இன்னும் கொஞ்சம் சத்தமாகப் போட்டிருப்பேன்.

ஜூலை 12, சனி

மன்னிப்புக் கேட்கவில்லை.

ஞானசேகரம் தலை வாரி, புதுச் சேட்டுப் போட்டு, கையைக் கட்டிக்கொண்டு நின்றான். கலியாண வீட்டில் படத்துக்கு நிற்பது மாதிரி. பேக்கரிப் பெடியன்கள் எல்லாரும் என் வாயைப் பார்த்தார்கள்.

"நோ பார்டன், முதலாளி" என்றேன். எல்லா எழுத்தையும் உச்சரித்தேன், ஒன்றையும் விழுங்கவில்லை.

சாவியை மேசையில் வைத்தேன். சரீப் முதலாளி அதைத் தொடவில்லை. எழும்பிப் போய், என் ஓட்டோவில் இருந்த பாட்டுப் பெட்டியையும் மைக்கையும் கழற்றிக் கக்கத்தில் வைத்தார்.

"அப்ப பாட்டும் இல்ல, மெட்டும் இல்ல. ஓட்டிப் பாருங்க."

ஜூலை 13

சத்தமில்லாத பாண் ஓட்டோ என்பது சில்லுப் பூட்டின கண்ணாடி அலுமாரி. ஒரு நாய் மட்டும் குரைத்தது.

ஜூலை 14

பாடினேன்!

கோயில் பாட்டுக் குழுவில் இருந்து 'நீங்கள் ஜெபத்தால உதவுங்கோ' என்று சொல்லி அனுப்பப்பட்டவள் நான். அந்தத் தொண்டையால் நாலு பெட்டைகளின் பங்கையும் தனியே பாடினேன். "நோ பார்டன்! பார்டன்! பார்டன்!" மான்கள் இந்த முறை நின்று பார்க்கவில்லை, போய்விட்டன. கேற்றுகள் திறந்தன.

"ஆருக்கோ என்னவோ நடந்திட்டுது எண்டு ஓடி வந்தன்" என்றாள் ஹுஸ்னியா. வந்தவள் வெறுங்கையோடு போகவில்லை.

ஜூலை 16

தொண்டை கட்டிவிட்டது. பாட்டு இன்னும் மோசம். வியாபாரம் இன்னும் நல்லம்.

ஜூலை 18

சரீப் முதலாளி தானே பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். கண் இரண்டும் வீங்கியிருந்தது. அவருடைய வீடும் என் ஒழுங்கையில்தான்.

"மன்னிப்பும் வேணாம், ஒண்டும் வேணாம். அவன்ட ஓட்டோவைத் திறந்து பாத்தனான், நீங்க சொன்னது சரிதான். இனி உங்கட பக்கம் வரமாட்டான். இந்தாங்க, அந்தப் பெட்டையள்ட பாட்டையே போடுங்க. என்ட பொஞ்சாதி ஜெமீலாக்கும் எனக்கும் விடியக் காலம நித்திரை இல்லக்கா. நீங்க பாடாம இருந்தாப் போதும்."

வென்றுவிட்டேன். எதனால் வென்றேன் என்பதை வின்சன்ட்டிடம் சொல்லவில்லை.

ஜூலை 19, சனி

பெட்டைகளைப் போட்டுக்கொண்டு போனேன். என்ன குரல்கள்! ஹுஸ்னியா வீட்டுக்கு முன்னால் வெகுநேரம் நின்றும் கேற் திறக்கவில்லை. இறங்கிப் போய்த் தட்டினேன்.

"நீங்களா?" என்றாள். "பாட்டு நல்லா இருந்திச்சு. வேற ஆரோ பாண்காரர் எண்டு நினைச்சிட்டன்."

ஓட்டோவில் ஏறினேன். அடுத்த வீடு முதலாளியுடையது. யன்னல் சாத்தியிருந்தது.

பெட்டைகளின் பாட்டை நிறுத்திவிட்டு, தொண்டையைச் செருமினேன்.