ஆரஞ்சுத் தொப்பியும் அலையில்லாத இடமும்

மே 3

வெட்கத்தை விட்டு எழுதிவிடுகிறேன். இன்று கடற்கரையில் என் பிள்ளைகள் இரண்டு பேரையும் துணி காயப்போடும் கயிற்றால் என் இடுப்போடு சேர்த்துக் கட்டினேன். இரட்டை முடிச்சு. பெரியவளுக்குப் பன்னிரண்டு வயது, சின்னவனுக்கு ஏழு.

"அம்மா, நாங்க என்ன ஆட்டுக்குட்டியா?" பெரியவள் அழாத குறை.

லீவுக்கு எங்களை அழைத்து வைத்திருக்கும் நாத்தனார் அதற்கும் மேலே: "அண்ணி, சந்தைக்கு ஓட்டிட்டுப் போறீங்கனு நினைச்சு ரெண்டு பேரு விலை கேட்டாங்க."

காவல் கோபுரத்திலிருந்து நரைமீசை உயிர்காப்பாளர் இறங்கி வந்தார். "அவுத்துடுங்கக்கா. நீங்க விழுந்தா மூணு பேரும் போயிடுவீங்க."

மூணு பேரும். சிரிப்பெல்லாம் அங்கேயே நின்றுபோனது. வாளித் தண்ணீரைத் தலையில் ஊற்றவே மூச்சைப் பிடித்துக்கொள்கிறவள் நான்.

மே 4

கயிற்றுக்குப் பதில் கடற்கரை வாசல் கடையில் இரண்டு ஆரஞ்சுத் தொப்பி. எங்கிருந்தாலும் கண்ணில் படும்.

உயிர்காப்பாளர் ஓர் இடத்தைக் காட்டினார். இரண்டு பக்கமும் அலை உடைகிறது. நடுவில் மட்டும் குளம் மாதிரி கிடக்கிறது. "அலை இல்லையேனு அங்க இறங்கிடாதீங்க. அதுதான் உள்ள இழுக்கிற இடம்."

வீட்டிலும் இதே கதைதான். பிள்ளைகள் சத்தம் போடாமல் இருந்தால்தான் அடுப்பை அணைத்துவிட்டு ஓடிப்போய்ப் பார்ப்பேன்.

மே 5

போகவில்லை. தலைவலி என்றேன். தலை நன்றாகத்தான் இருந்தது.

மே 7

இந்தக் கிறுக்கலை நாளைக்கு என்னாலேயே படிக்க முடியாது.

எதிர்வீட்டுப் பெண்ணின் கல்யாணம் நின்றுபோன கதையை நாத்தனார் சொல்லிக்கொண்டிருந்தாள். நானும் "அப்புறம்?" "அப்புறம்?" என்று பிடுங்கிக்கொண்டிருந்தேன். அந்த நேரத்தில் ஒரு பஸ் நிறையப் பள்ளிப் பிள்ளைகள் வந்து இறங்கியிருக்கிறார்கள். திரும்பினால் கரை முழுக்க ஆரஞ்சு! எல்லாம் அதே வாசல் கடைச் சரக்கு.

பெரியவள் தெரிந்தாள். சின்னவன்?

ஒவ்வொரு தொப்பியாகத் தூக்கிப் பார்த்தேன். யார் பெற்ற பிள்ளைகளோ. ஒன்று என்னைப் பார்த்து வீலென்று அலறியது. அப்போதுதான் — அந்த அலையில்லாத இடத்தில், தனியாக ஒரு தொப்பி. மெல்ல மெல்ல உள்ளே போய்க்கொண்டிருந்தது. அடியில் தலை இருக்கிறதா? தெரியலையே. ஐயோ, தெரியலையே!

ஓடினேன். தண்ணீர் காலை வாரியது. கழுத்துவரை வந்துவிட்டது, வாயெல்லாம் உப்பு. என்னை எடுத்துக்கோ, அவனை விட்டுடு என்று கத்தினேன். கத்தினேனா, நினைத்தேனா? உயிர்காப்பாளர் அக்குளில் கைகொடுத்து இழுத்துவந்து மணலில் போட்டார்.

மணலில் சின்னவன் நின்றுகொண்டிருந்தான். தலையில் தொப்பியோடு.

குழாயடிக்குக் கால் கழுவப் போனானாம். "உங்கிட்ட சொல்லிட்டுத்தானேம்மா போனேன்? நீ தலையாட்டினியே."

ஆட்டியிருப்பேன். எதிர்வீட்டுக் கல்யாணத்துக்கு. மிதந்தது யாருடைய தலையிலிருந்தோ காற்றில் பறந்த தொப்பி.

அவனை அடிக்கக் கை ஓங்கினேன். கட்டிக்கொண்டுதான் அழ முடிந்தது.

மே 8

கடல் பக்கத்து ஜன்னலைச் சாத்தினேன். நாத்தனார் திறந்தாள். சாத்தினேன். அப்படியும் சத்தம் கேட்கிறது.

மே 9

"நீச்சல் கத்துக்கிட்டா நீ பயப்பட மாட்டேல்ல?" என்றான் சின்னவன்.

மாட்டேன் என்றேன். வாய் கூசாமல்.

மே 12

இரண்டு பேரையும் நீச்சல் வகுப்பில் சேர்த்தாயிற்று. காலையில் உயிர்காப்பாளர்தான் குளத்தில் சொல்லிக்கொடுக்கிறார். சின்னவன் இன்று பத்து எண்ணும்வரை மிதந்தான். பத்து எண்ணுவதற்குள் எனக்குப் பத்து வயது கூடிவிட்டது. ஆனாலும் கரையில்தான் இருந்தேன். குதிக்கவில்லை.

வகுப்பு முடிந்ததும் உயிர்காப்பாளர் ஒரு பதிவேட்டை நீட்டினார். "அன்னிக்கு விட்டுப்போச்சுக்கா. ஒரு கையெழுத்து."

மே ஏழு. மீட்கப்பட்டவர்: பெண், வயது நாற்பத்து நாலு. அதுவரை சரி. அடுத்த கட்டம், நீரின் ஆழம். அதில் எழுதியிருந்தார்: முழங்கால்.