கையில் ஒரு வேர்க்கடலைச் செடி

8 பிப்ரவரி 1960, சத்தியவேடு

களை எடுத்து இடுப்பு விட்டுப்போயிற்று. எழுத உட்கார்ந்தால் கண் சொக்குகிறது. ஆனாலும் ஒரு சந்தோஷம் — கையில் வேர்க்கடலைச் செடி பாதி முடிந்துவிட்டது. இடது முழங்கைக்குக் கீழே இலை, பூ, மண்ணுக்குள் இறங்கும் விழுது. நான் கரித்துண்டால் வரைய, பச்சை குத்தும் ரத்தினம்மா அதன்மேல் ஊசி போட்டாள்.

"எல்லாரும் தேளு, கோலம்னு கேப்பாங்க. நீ மல்லாட்டைச் செடி கேக்கிற. பைத்தியமா உனுக்கு?"

மணிக்கட்டருகே காய்கள் வர வேண்டும். அடுத்த முறை.

10 பிப்ரவரி

அவர் பார்த்துவிட்டார். "என் பேரு எங்க?"

இந்தப் பக்கத்தில் புருஷன் பேரை வாயால் சொல்லக் கூடாது. கையில் குத்திக்கொள்ள வேண்டும். கோவர்த்தனன். இதோ எழுதிவிட்டேன், ஒன்றும் ஆகவில்லை.

17 பிப்ரவரி

சோறு போட்டேன், சாப்பிட்டார், போனார்.

2 மார்ச்

ஏப்ரல் முதல் தேதியோடு நம் ஊர் ஆந்திராவில் சேர்கிறதாம். இவருக்கு அதுவும் ஒரு சாக்கு.

"ஊரே கைய வுட்டுப் போவுது. நீயாவது என் பேரைப் போட்டுக்கினு இருக்கக் கூடாதா?"

கேட்கப் பாவமாகத்தான் இருந்தது. அதற்காகக் கையைக் கொடுக்க முடியுமா? அத்தை செங்கம்மா கேட்டுக்கொண்டே கடலை உரித்தாள். மகன் பக்கம்தான் இருப்பாள், வேறெங்கே இருப்பாள்.

9 மார்ச்

இன்றும் அதே பாட்டு. நாள் பூரா களை, தண்ணி, அடுப்பு — எல்லாம் இந்தக் கைதானே செய்யுது? அதுல ஒரு செடி போட்டுக்கினா யாருக்கு என்ன கொள்ளை போவுது?

18 மார்ச்

சரி என்று சொல்லிவிட்டேன். சண்டை போடத் தெம்பில்லை. காய் வரவேண்டிய இடத்தில் பேர் வரட்டும். ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லி ரத்தினம்மாவுக்கு ஆள் அனுப்பியிருக்கிறார். அழுகைகூட வரவில்லை.

20 மார்ச், ஞாயிறு

ரத்தினம்மா ஊசிகளைச் சேர்த்துக் கட்டி, மை குழைத்தாள். அவர் எதிரே உட்கார்ந்திருந்தார். நான் கையை நீட்டுவதற்குள் அத்தை குறுக்கே வந்து உட்கார்ந்து தன் கையை நீட்டினாள். அதில் மாமா பேர், கங்கையா. மாமா செத்து ஆறு வருஷம். மாமா குடித்துவிட்டு அடித்ததில் ஒடிந்து, கோணலாகவே கூடிய கை.

"இந்தப் பேரு தெரியாத மாதிரி இலை போடு" என்று என்னிடம் சொன்னாள்.

"அம்மா, நைனா பேரும்மா அது."

"தெரியும்டா. இத்தப் பாத்துக்கினேதான் இத்தினி வருசம் சோறு துன்னேன்."

அவர் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ரத்தினம்மாவிடம், "இவளுக்குக் காயே போட்டுடு" என்று சொல்லிவிட்டு மாட்டை ஓட்டிக்கொண்டு போனார்.

கரித்துண்டை எடுத்தேன். முதல் எழுத்தின் மேல் ஓர் இலை வரைந்தேன்.

"நெருக்கமா போடு" என்றாள் அத்தை. "சந்து வுடாத."