வெள்ளவத்தைக் கிணற்றுத் துண்டு

1938 மார்ச் 7, திங்கள். காலை 7.10. மரம் பதினொன்று, கிணறு ஒன்று, சண்டைக்காரர் இருவர்.

வெள்ளவத்தை, கடற்பக்க ஒழுங்கை. கோட்டு நீதிபதியின் உத்தரவுப்படி நிலம் அளக்க வந்தேன். வெயில் இன்னும் ஏறவில்லை. ஒழுங்கை முழுக்க உப்பு வாசம்.

எதிராளி பாக்கியம் அக்கா. கைம்பெண், இடியப்பம் அவித்து வீடுகளுக்குக் கொடுப்பவர். அடுப்பெரியும் அவருடைய குசினியும் கிணறும் நிற்கும் காணித் துண்டு பக்கத்து வீட்டு ஹமீதின் உறுதிப் பத்திரத்தில் இருக்கிறது. ஹமீது வழக்காளி: எழும்பிப் போ என்கிறார். அக்காவின் பதில்: பத்து வருஷத்துக்கு மேலாக ஆள்கிறேன், வழக்குப் போடும் காலம் கடந்துவிட்டது. சட்டம் இதை ஏற்கும். ஆனால் இடையில் விளைச்சலில் பங்கு கொடுத்து, நிலம் உங்களுடையதுதான் என்று ஒப்புக்கொண்டிருக்கக் கூடாது.

தியோடலைட்டின் தொலைநோக்கியில் எல்லாம் தலைகீழ். பழகியதுதான். இன்று ஏனோ கண்ணை எடுக்க மனமில்லை. தென்னைகள் மேலிருந்து தொங்கின. கடல் உச்சியில், வானம் அடியில். அதற்குள் அக்கா தலைகீழாக மெல்ல நடந்து வந்தார், மிதப்பது போல.

"தம்பி, பிலாவையும் எழுதுங்கோ. நான் வைச்சது. முதல் பழம் வருஷா வருஷம் பக்கத்து வீட்டு அவையளுக்குத்தான் அனுப்புறனான்."

ஹமீதின் முகம் மலர்ந்தது. "அக்கா, கொஞ்சம் கதைக்காமல் இருங்கோ" என்றேன். பிந்திவிட்டது.

வேலிக்கு அப்பாலிருந்து ஹமீதின் உம்மா: "நல்ல பழம், மகன். நானும் வெறும் பீங்கானத் திருப்பி அனுப்பினதில்ல. பெருநாளெண்டா வட்டிலப்பம்."

"உம்மா, உள்ளுக்குப் போங்க!"

மார்ச் 8
கொட்டாஞ்சேனை, என் அறை. மழை. அறிக்கை பாதியில். பலாப்பழம் அளவைச் சங்கிலியில் அடங்காத பொருள். எழுதவில்லை. துறைமுகத்தில் கப்பல் ஊதியது. பேனாவைப் பிடித்தபடியே அரைத்தூக்கம். தலைகீழ்க் கடலில் குசினி ஒன்று புகைந்துகொண்டே போனது. விழித்தபோது கடதாசியில் மைத்துளி. திரும்ப எழுத வேண்டும். சனியன்.

ஜூன் 16, வியாழன்
புதுக்கடைக் கோடு. புழுக்கம். நான் சாட்சி. ஹமீதுக்காக வாதாடிய அப்புக்காத்து என் அறிக்கையைத் தொடவே இல்லை. ஒரே கேள்வி.

"பழம் அனுப்பினதாக எதிராளி சொன்னாரா? ஓமா, இல்லையா?"

"ஓம். அனுப்பிய தட்டு வெறுமையாகத் திரும்பவில்லை."

"அதை உம்மிடம் கேட்கவில்லை."

"கேட்காவிட்டால் அரைவாசி அளவு. அரைவாசி அளந்து நான் பிளான் கீறுவதில்லை."

பின்வரிசை வாங்கில் யாரோ ஒருவன் சிரித்தான். நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "என்ன திரும்பியது?" சொன்னேன். உம்மாவைக் கூப்பிடச் சொன்னார்.

ஜூன் 17
உம்மா வந்தார். முக்காட்டை இழுத்து இழுத்து விட்டார். அப்புக்காத்து: "பழம் குத்தகைக்கு ஈடாகத்தானே வந்தது?"

"குத்தகையா? பக்கத்து வூடு, தொரே. அவ தந்தா, நானும் குடுத்தன். அப்ப நானும் அவவுக்குக் குத்தகை கட்டினேனா?"

ஹமீது நிலத்தைப் பார்த்தபடி நின்றார். அவர் பக்கம் பார்க்கவே எனக்குப் பிடிக்கவில்லை.

ஜூன் 30, வியாழன்
தீர்ப்பு. அயலார் கைமாற்றியது விளைச்சல் பங்கு அல்ல, காலம் கடந்துவிட்டது என்ற அக்காவின் ஆட்சேபம் நிற்கும், வழக்குத் தள்ளுபடி. எல்லாம் இங்கிலீசில்.

"என்னவாம், தம்பி?"

"கிணறு உங்களுக்கு."

அக்கா படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். பிறகு எழும்பி உம்மாவைத் தேடினார். ஹமீது அதற்குள் உம்மாவை ரிக்‌ஷாவில் ஏற்றிவிட்டார். திரும்பிப் பார்க்கவும் விடவில்லை.

பின்னேரம் வெள்ளவத்தை. ஹமீது எல்லையில் மதிலுக்குக் கயிறு கட்டுகிறார்.

"வழக்குத்தானே தோத்தேன். மதில் என்ட பக்கம். ஏழடி."

உம்மா கதவு நிலையில் நின்று என்னைக் கேட்டார். "மகன், அதில ஒரு சின்ன வாசல் வைக்க ஏலாதா?"

"கோட்டு உத்தரவில் வாசல் இல்லை, உம்மா" என்றேன்.

சரியான பதில். ரயிலில் வரும்போது கடல் கண்ணாடி மாதிரிக் கிடந்தது. எந்தப் பக்கம் மேல் என்று கொஞ்ச நேரம் தெரியவில்லை.

இனி:
1. எல்லைக் கல் நான்கு, சனிக்கிழமைக்குள்.
2. பிளான் பிரதி: கோட்டுக்கு ஒன்று, அக்காவுக்கு ஒன்று.
3. ஹமீது தருவதாகச் சொன்ன ஒருகொடவத்தைக் காணி அளவை இனி வராது. வேறு வேலை பார்க்க.
4. மதில் கட்டப்போகும் மேசன் பாஸைக் காண. வாசல் விஷயம். என் வேலை இல்லை. அத்திவாரம் வெட்ட முன் காண.