வெள்ளோட்ட உருண்டை

ஓபர்லெங்கன்பாக்
5 செப்டம்பர் 1992, சனிக்கிழமை

அன்புள்ள இர்மா அக்காவுக்கு,

நேற்று மத்தியானம் என் புருஷனுடைய மீசையை முகர்ந்து பார்த்தேன். நலம் விசாரித்த பிறகு சொல்லலாம் என்றால் தைரியம் போய்விடும். அதனால்தான் முதல் வரியிலேயே எழுதிவிட்டேன்.

கோர்பினியன் மரமில்லிலிருந்து வந்து, சாப்பிட்டு, அடுப்போரப் பெஞ்சில் சாய்ந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். யாராவது வந்தால் காரணம் வேண்டுமே என்று துடைக்கிற துணி ஒன்றைக் கையில் எடுத்துக்கொண்டு பக்கத்தில் மண்டியிட்டேன். மீசையில் வெண்ணெயில் வறுத்த ரொட்டித்தூள் வாசனை. அதுகூடப் போகட்டும், உருண்டை மேலே தூவ நானும்தான் அதை வறுத்தேன். ஆனால் இலவங்கப் பட்டைத்தூள் வாசனையும் இருந்தது, அக்கா. எங்கள் வீட்டில் பட்டைத்தூள் தீர்ந்து ஒரு வாரமாகிறது.

அவர் ஒற்றைக் கண்ணைத் திறந்தார்.

"என்னடி தேடறே?"

"தூசி."

"மீசையிலயா?"

மீசையையே துடைத்துவிட்டேன்.

ஆள் யாரென்று எனக்குத் தெரியும். திருப்பத்து வீட்டுக்கு ஜனவரியில் குடிவந்த எல்ஃப்ரீடே. சாக்சனிக்காரி, கைம்பெண், மகள் இங்கே பல் டாக்டரிடம் வேலை பார்ப்பதால் வந்தவள். ஐம்பத்தைந்து வயது என்கிறாள். இடுப்பைப் பார்த்தால் அவள் வயதையும் சேர்த்து நானே சுமக்கிறேனோ என்று தோன்றும். கோயில் பாட்டுக்குழுவில் அவள் இரண்டாம் வரிசை, இவர் மூன்றாம் வரிசை. அவள் ஜன்னல் ஜெரேனியம் செப்டம்பரிலும் பூவாய்க் கொட்டிக் கிடக்கிறது. என்னுடையது ஜூலையிலேயே பல்லைக் காட்டிவிட்டது.

வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டு வழக்கம் உனக்குத் தெரியும். கறி கிடையாது, சீஸ் உருண்டை. பதினொரு மணிக்கு மில் விட்டதும் அவர் நேரே அடுப்படிக்கு வருவார். முதலில் ஒரே ஒரு உருண்டையைத் தண்ணீரில் விட்டு, நிற்கிறதா கரைகிறதா என்று பார்ப்போமே, அந்த வெள்ளோட்ட உருண்டை இருபத்தாறு வருஷமாக அவருடையது. நின்றபடியே, ஊதி ஊதி, என் தோளை இடித்துக்கொண்டு சாப்பிடுவார். கல்யாணத்தில் மிச்சமிருப்பது இதுதான் என்றுகூட நான் சில சமயம் நினைப்பதுண்டு. இப்போது நாலு வெள்ளியாகப் பதினொன்றே முக்காலுக்கு வருகிறார். தட்டை நீட்டினால், "நீயே சாப்பிடு புர்கி, அதான் நல்லா வந்திருக்கே" என்கிறார்.

இன்னொருத்தி அடுப்பில் வெள்ளோட்டம் பார்த்துவிட்டு வருகிறார் அக்கா. வேறு எதையாவது பார்த்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு எரிந்திருக்காது.

அத்தானுக்கு என் அன்பு. நீ என்ன நினைக்கிறாய் என்று உடனே எழுது.

உன் தங்கை
புர்கி


கீல்
12 செப்டம்பர் 1992

அன்புத் தங்கை புர்கிக்கு,

உன் கடிதத்தை உன் அத்தான் ஹைன்ரிஷுக்கு வாசித்துக் காட்டினேன். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். சாயங்காலம் பார்த்தால் தாடியைச் சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டிருக்கிறார். உங்கள் குடும்பத்துப் பெண்களை நம்ப முடியாதாம்.

கோர்பினியன் ஒரு பெண்ணிடம் மனதைக் கொடுக்கிற ஆளாக எனக்குத் தெரியவில்லை. வயிற்றைக் கொடுப்பார். அது வேறு வியாதி. நேராகக் கேட்டுவிடேன். நீ கேட்கமாட்டாய், அதுவும் எனக்குத் தெரியும். சின்ன வயதிலேயே என் அலமாரியைக் குடைவாயே தவிர "அக்கா, அந்த ரிப்பனைத் தா" என்று ஒருநாளும் கேட்டதில்லை.

ஒன்றுதான் எனக்குப் புரியவில்லை. சாக்சனியில் குவார்க் சீஸை உருளைக்கிழங்கோடு பிசைந்து, தட்டி, வாணலியில் சுடுவார்கள். தண்ணீரில் வேகவைத்த உருண்டை அவர்கள் வழக்கமே இல்லை. அந்தம்மாவுக்கு இதை யார் சொல்லிக்கொடுத்தார்கள்?

இங்கே மழை. முழங்கால் வலி பரவாயில்லை. நீ தொலைபேசியில் பேசாமல் கடிதம் எழுதுவது எனக்குப் பிடித்திருக்கிறது. நீ பேசினால் அழுவாய், எழுதினால் வம்பு பேசுகிறாய்.

அன்புடன்
இர்மா


ஓபர்லெங்கன்பாக்
19 செப்டம்பர் 1992

அன்புள்ள அக்கா,

யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று கேட்டாயே, நான்தான்.

ஜூன் மாதம் ஒரு கிண்ணம் செர்ரிப் பழத்தோடு வந்து நின்றாள். "உங்க உருண்டையப் பத்தித்தான் ஊரே பேசுது. எனக்கும் எழுதித் தருவீங்களா? அறுவடைப் பெருநாளுக்கு நானும் ஒரு பானை செஞ்சு கொண்டாரேன்" என்றாள். அறுவடைப் பெருநாளில் உருண்டைப் பானை பதினெட்டு வருஷமாக என்னுடையது. முடியாது என்று சொல்ல முடியுமா? வாயெல்லாம் பல்லாக உட்கார்ந்து ஒரு அட்டையில் எழுதிக் கொடுத்தேன். அரை கிலோ குவார்க், இரண்டு முட்டை, ரவை, வெண்ணெய், எலுமிச்சைத் தோல், ஒரு சிட்டிகை உப்பு. ஈரக் கையால் உருட்டு. தண்ணீர் தளதளவென்று கொதிக்காமல் சும்மா அசையட்டும். எல்லாம் எழுதினேன். ஒரு வரியை மட்டும் விட்டுவிட்டேன். சீஸைத் துணியில் கட்டி ராத்திரி முழுக்கத் தொங்கவிட்டு நீரை வடிக்க வேண்டும் என்கிற வரியை.

மறந்து போகவில்லை. பேனா அந்த இடத்தில் ஒரு நிமிஷம் நின்றது. பிறகு தாண்டிப் போனது.

இனி நேற்று நடந்ததைக் கேள். அவள் கேக் அச்சு ஒன்று என்னிடம் இருந்தது. அதைத் திருப்பித் தருகிற சாக்கில் பதினொன்று பத்துக்குப் போனேன். அடுப்படி ஜன்னல் திறந்திருந்தது. நேரே கதவைத் தட்ட வேண்டியவள் ஜெரேனியத்துக்குக் கீழே குந்திக்கொண்டேன். என் உடம்புக்கு அது எவ்வளவு பெரிய காரியம் என்று உனக்குத் தெரியும்.

"மறுபடியும் போச்சு பாருங்க. கஞ்சியா நிக்குது" என்கிறாள் இவள்.

"பரவால்ல, இப்படியே தட்டுல போடுங்க" என்கிறார் நம்மவர்.

"இன்னும் ஒரு கை ரவை சேத்துப் பாக்கட்டுமா?"

"வேணாம் வேணாம். ரவையில கை வைக்காதீங்க. அடுத்த வெள்ளி பாத்துக்கலாம்."

"உங்களுக்கு ரொம்பத்தான் பொறுமை, கோர்பினியன்."

"அட, பக்கத்து வீட்டுக்கு இதுகூடச் செய்யலைன்னா எப்படி."

பொறுமையாம். தன் வீட்டுக் கூரைக் குழாய் மார்ச்சிலிருந்து ஒழுகுகிறது. அடுத்த வெள்ளி வரவேண்டும் என்பதற்காகவே ரவையைத் தடுக்கிறார். மயக்கம் இல்லாமல் வேறென்ன? நான் எழுந்திருக்கப் பார்த்தால் முழங்கால் ஒத்துழைக்கவில்லை. கேக் அச்சை ஊன்றி எழுந்ததில் அது நெளிந்துவிட்டது. அதை வாசற்படியில் வைத்துவிட்டு ஓடி வந்தேன்.

வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. அவள் உருண்டை கரைவதால்தான் இவரை ஆலோசனைக்குக் கூப்பிட்டிருக்கிறாள். கரையும்படி எழுதிக் கொடுத்தவள் நான். என் கையெழுத்திலேயே என் புருஷனை அவள் அடுப்படிக்கு அனுப்பி வைத்திருக்கிறேன்.

சிரிக்காதே. என்ன செய்யட்டும், சொல்லு.

உன்
புர்கி


கீல்
25 செப்டம்பர் 1992

புர்கி,

நான் சிரிக்கவில்லை.

உன் கடிதம் வந்ததும் சமையலறை இழுப்பறையிலிருந்து ஒரு அட்டையை எடுத்துப் பார்த்தேன். 1971-இல் நான் இங்கே குடிவந்தபோது நீ எழுதித் தந்தது. ஓரத்தில் ஒரு பூகூட வரைந்திருக்கிறாய். அரை கிலோ குவார்க், இரண்டு முட்டை, ரவை, வெண்ணெய். ஈரக் கையால் உருட்டு. தண்ணீர் சும்மா அசையட்டும். துணி இல்லை.

இருபத்தொரு வருஷம். வடக்கத்திச் சீஸில் நீர் அதிகம் என்று பால்காரரைத் திட்டினேன். கீல் தண்ணீரைத் திட்டினேன். ஹைன்ரிஷின் மேலதிகாரி சாப்பிட வந்த அன்று உருண்டை கஞ்சியாகி, முள்கரண்டிக்குப் பதிலாகக் கரண்டியைப் பரிமாறினேன். அம்மா சமைக்கும்போது நான் மாடியில் படித்துக்கொண்டிருந்தேன், பக்கத்தில் நின்றவள் நீ. அதனால் எனக்குக் கைராசி இல்லை, உனக்குத்தான் என்று நம்பினேன். ஊரெல்லாம் சொன்னேன்: என் தங்கை கைக்கு வரும், எனக்கு வராது என்று.

அந்த சாக்சனிக்காரியிடம் உனக்குப் பயம், சரி. என்னிடம் உனக்கு என்ன?

எழுதுவதானால் உண்மையை எழுது. வேடிக்கை வேண்டாம்.

இர்மெங்கார்ட்


ஓபர்லெங்கன்பாக்
17 அக்டோபர் 1992

அன்புள்ள அக்கா,

மூன்று வாரம் இந்தத் தாளைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். முழுப் பேரையும் போட்டு, வேடிக்கை வேண்டாம் என்றுவிட்டாய். அது இல்லாமல் எனக்கு நடக்கவே வராது, கம்பு இல்லாத கிழவி மாதிரி.

உண்மை இதுதான். நீ படித்தாய், நன்றாக இருந்தாய், கடல் பக்கத்தில் வீடு கிடைத்தது. தேவாலயத் திருவிழாவில் கோர்பினியன் முதலில் ஆடக் கூப்பிட்டது உன்னை. நீ கால் வலிக்கிறது என்றாய். அப்புறம்தான் பக்கத்தில் இருந்த என்னைப் பார்த்தார். அவர் அதை மறந்திருப்பார், நீயும் மறந்திருப்பாய். நான்தான் மறக்கவில்லை. எனக்கென்று இருந்தது அந்த உருண்டை ஒன்று. அதையும் நீ என்னைவிட நன்றாகச் செய்துவிடுவாய் என்று பயந்தேன். பூ வரைந்தது அந்தக் குற்ற உணர்ச்சியில்தான். வேறு யாருக்கும் நான் பூ வரைந்ததில்லை.

உன் கடிதம் வந்த மறுநாளே எல்ஃப்ரீடே வீட்டுக்குப் போனேன். இந்த முறை வாசல் வழியாக. எல்லாவற்றையும் சொன்னேன், ஜெரேனியத்துக்குக் கீழே குந்தியது உட்பட. அவள் கையைத் துடைத்துக்கொண்டே கேட்டாள். கத்துவாள் என்று நினைத்தேன்.

"அப்ப பதினாலு கிலோ சீஸ நான் சும்மா கரைச்சிருக்கேன்?"

"ஆமா."

"எம் பொண்ணு சொன்னா, அம்மா உனக்கு வயசாயிடுச்சு, கை தளந்துருச்சுன்னு. நானும் அப்படித்தான் நெனச்சேன்."

அவள் அந்த அட்டையை எடுத்து வந்து என் முன்னால் போட்டாள். ஒரு பென்சிலும் வைத்தாள். "எழுதுங்க. நீங்களே உங்க கையால எழுதுங்க" என்றாள். எழுதினேன். படித்துப் பார்த்துவிட்டு, "நெளிஞ்ச கேக் அச்சுக்கு எழுத ஒண்ணுமில்லையா?" என்று கேட்டாள். அதில்தான் இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்தது. சிநேகிதம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் பேசிக்கொள்கிறோம்.

அறுவடைப் பெருநாளுக்கு இரண்டு பானை வைத்தோம். அவளுடையது பந்து மாதிரி நின்றது. ஊரார் இரண்டிலும் வாங்கிச் சாப்பிட்டார்கள். பாதிரியார் அவள் பானைக்கு இரண்டு தடவை போனார். எண்ணவில்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

இனி நல்ல சேதி. அவள் துணியில் கட்டத் தொடங்கிய நாளிலிருந்து கோர்பினியன் அந்தப் பக்கமே போவதில்லை. "அந்தம்மாவுக்குத்தான் இப்ப நல்லா வருதே, நான் எதுக்கு" என்று சொல்லிவிட்டார். நேற்று வெள்ளிக்கிழமை பதினொன்று ஐந்துக்கெல்லாம் என் அடுப்படியில் நின்றார். வெள்ளோட்ட உருண்டையைக் கொடுத்தேன். மென்று மென்று விழுங்கினார். "நிக்குது" என்றார். அந்த ஒரு வார்த்தைக்கு நான் அழுதுவிட்டேன், அக்கா. உண்மையைச் சொன்னதால் என் புருஷன் என் அடுப்படிக்குத் திரும்பி வந்தார் என்றே நினைக்கிறேன். அதே உண்மையால் நீயும் திரும்பினால் போதும்.

இந்தக் கடிதத்தோடு உனக்குத் தனியாக ஒரு அட்டை வைத்திருக்கிறேன். துணி முதல் வரியிலேயே இருக்கிறது. பூ வரையவில்லை.

உன் தங்கை
புர்கி


கீல்
24 அக்டோபர் 1992

அன்புத் தங்கை புர்கிக்கு,

கோபம் இன்னும் இருக்கிறது. அதை ஒரு வேலையாக வைத்துக்கொண்டிருக்கிறேன், கொஞ்சம் கொஞ்சமாகத் தீர்ப்பேன். கிறிஸ்துமஸுக்கு ஹைன்ரிஷும் நானும் அங்கே வருகிறோம். எனக்கு மாடி அறை வேண்டாம், முழங்கால் ஏறாது.

திருவிழாவில் எனக்குக் கால் வலிக்கவில்லை. அவர் நன்றாக ஆடமாட்டார் என்று தெரியும், அவ்வளவுதான்.

புது அட்டையின்படி சீஸைத் துணியில் கட்டிச் செய்தேன். உருண்டையாகவே வந்தது, ஒன்றுகூட உடையவில்லை. உனக்கு நன்றி.

ஒன்று உன்னிடம் இதுவரை சொல்லவில்லை. எண்பத்து நாலில் நீங்கள் இருவரும் இங்கே வந்திருந்தீர்கள் அல்லவா? நீ பல்வலியென்று படுத்திருந்த மத்தியானம் நான் உருண்டை செய்தேன், வழக்கம்போலக் கரைந்து கூழாகிவிட்டது. உன் புருஷன் மூன்று தட்டு சாப்பிட்டார். பானையையும் வழித்தார். "மதினி, எங்கம்மா செய்யறது இப்படித்தான் கொழகொழன்னு இருக்கும். எங்க வீட்டுல உங்க தங்கச்சி செய்யறது கல்லு மாதிரி நிக்கும், எனக்குத் தொண்டையில எறங்காது. புர்கிகிட்ட சொல்லிடாதீங்க" என்றார்.

அன்புடன்
இர்மா