சேர்ச் வாசலில் இரண்டு சோடிச் செருப்பு

டோர்செட் பார்க்

அன்பு மருமகளுக்கு,

உனக்குத் தமிழ் பேச வந்தாலும் வாசிக்க வராது; இதை என் மகன் உனக்கு வாசித்துச் சொல்லட்டும்.

பிலிப்பைன்சில் உன் ஊரின் பழைய தெருக்களைச் சுற்றிக் காட்டிய வழிகாட்டிப் பெண், கடைசியாக எங்களைச் சேர்ச்சுக்குள் கூப்பிட்டாள். நான் பழக்கத்தில் வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டேன். கூட வந்த எல்லோரும் பார்த்தார்கள்.

“அம்மா, இஞ்ச கழட்டத் தேவையில்லை” என்று மகன் சினந்தான்.

நீ உன் செருப்பையும் கழற்றி என்னுடையதுக்குப் பக்கத்தில் வைத்தாய். “வாங்கோ அன்ரி, போவம்” என்று கையைப் பிடித்தாய். வீட்டு ஆட்களுக்கு நன்றி சொல்லி எனக்குப் பழக்கமில்லை.

உங்கள் கலியாணத்துக்கு வாங்கிய சேலை, அன்றைக்கு நான் வராமல் இருந்துவிட்டதால், இன்னும் மடிப்புக் கலையாமல் அலுமாரியில் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அதை உடுத்திக்கொண்டு உன்னோடு சேர்ச்சுக்கு வருகிறேன். வாசலில் செருப்பைக் கழற்றத்தான் செய்வேன். இதை வாசிக்கிறவன் சினந்தால், வெளியில் நின்று இரண்டு சோடியையும் பார்த்துக்கொள்ளச் சொல்.

உன் மாமி